பெண் வீட்டார் சார்பில் நான் ஒருத்தி

ஜார்ஜிய மொழியைக் கற்றே தீருவது என்ற எண்ணம் எனக்கு வந்தபோது என் கையில் ஒரு முள்கரண்டி இருந்தது.

சான்டா கிளாராவில், இரண்டு படுக்கையறை கொண்ட அபார்ட்மெண்டில், நானும் ஜார்ஜியாவிலிருந்து வந்த ஒரு பெண்ணும் வாடகையைப் பகிர்ந்துகொண்டு குடியேறிய புதிது. அட்லாண்டா இருக்கும் ஜார்ஜியா இல்லை. கருங்கடலுக்குப் பக்கத்தில் இருக்கும் நாடு. இந்த விளக்கத்தைத் தினமும் யாருக்காவது சொல்லிச் சொல்லி அவளுக்கு அலுத்துப்போய், பிறகு அந்த வேலை எனக்கு வந்தது. ஒரு சனிக்கிழமை மதியம், நான் சைவம் என்பதால் காளான் வைத்து, அவள் ஊர்க் கொழுக்கட்டை செய்திருந்தாள். மோதகம் மாதிரி மடிப்பு மடிப்பாக, உச்சியில் ஒரு குடுமியோடு. நான் நாகரிகமாக முள்கரண்டியால் குத்தினேன். உள்ளேயிருந்த சூடான சாறு முழுவதும் தட்டில் ஓடியது.

அவள் என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்குத் தெரியும். என் மேனேஜர் மசால் தோசையைக் கத்தியால் சதுரம் சதுரமாக வெட்டியபோது நான் பார்த்த பார்வை.

"அதைக் கீழ வை," என்றாள். "குடுமியைப் பிடி. தலைகீழாக் கவுத்து, ஓரத்துல லேசாக் கடிச்சு, முதல்ல சாறை உறிஞ்சு. சத்தம் வந்தா வரட்டும். கையாலதான் சாப்பிடணும்."

எங்களுக்குள் ஓடியது ஆங்கிலம்தான். ஆனால் அவள் சொன்ன எதுவும் என் நினைவில் ஆங்கிலமாக நிற்கவில்லை. அதனால் எனக்குக் கேட்டபடியே எழுதுகிறேன்.

கையால் சாப்பிடச் சொல்லி அதட்டும் ஒரு நாடு! இவர்கள் மொழி எனக்கு வராமல் எங்கே போகும் என்று அந்த நிமிடம் தோன்றியது. இதில் தர்க்கம் ஒன்றும் இல்லை என்பது பிறகு மெல்லத்தான் புரிந்தது. ஆனால் எனக்கு ஆர்வம் வருவதெல்லாம் இப்படித்தான். அலமாரியில் ஏற்கெனவே ஒரு யூகுலேலேயும், பாறை ஏறும் ஷூவும், குயவர் சக்கரத்தில் நான் வனைந்த ஒரு கோணல் கிண்ணமும் இருந்தன. டெக்சஸ் ஃபிரிஸ்கோவில் இருக்கும் அண்ணனிடம் செய்தியைச் சொன்னேன்.

"அடுத்த சீசன் ஆரம்பிச்சாச்சா?" என்றான். "இது எத்தனை எபிசோடுடி?"

அவன் எதிர்பார்த்ததைவிட நீளமாகவே போனது. எழுத்துகள் வளைந்து வளைந்து நம் எழுத்துக்குச் சித்தப்பா பிள்ளைகள் மாதிரி இருந்ததால் இரண்டு வாரத்தில் பிடிபட்டுவிட்டன. அப்பாவை அவர்கள் 'மாமா' என்பார்கள் என்று சொன்னபோது அம்மா மட்டும் கொஞ்சம் கலங்கினாள். உண்மையான சிக்கல் ஓர் ஒலி. தொண்டையின் அடியில், விக்கல் புறப்படும் இடத்துக்கு இரண்டு வீடு தள்ளி, அது பிறக்கிறது. தண்ணீரில் தவளை கத்துகிறது என்று பொருள்படும் ஒரு வாக்கியம் அவர்கள் ஊரில் உண்டு. அந்த ஒலி அதில் வரிசையாக வரும். வெளிநாட்டுக்காரர் யார் வந்தாலும் இதைச் சொல்லச் சொல்லிச் சிரிப்பது அவர்களுக்குத் தேசியப் பொழுதுபோக்கு. நான் அதை 101 freeway-யில் ஆபீஸ் போகும்போது காரில் பயிற்சி செய்தேன். ஒருநாள் freeway-யை விட்டு இறங்கி நின்ற சிக்னலில் பக்கத்துக் காரின் கண்ணாடி இறங்கியது. "Are you okay? தொண்டையில எதாவது மாட்டிக்கிச்சா?" என்று ஒரு பெரியவர் பதறினார். "ஜார்ஜியன் கத்துக்கிறேன்" என்றேன். அவர் அட்லாண்டாவை நினைத்துக்கொண்டு குழப்பத்தோடு கண்ணாடியை ஏற்றிவிட்டார்.

சாயங்காலம் வீட்டில் தேர்வு நடக்கும். முதல் மாதங்களில் அவள் தீர்ப்பு ஒன்றுதான்: "தவளை செத்துடுச்சு." பிறகு ஒருநாள், "இன்னிக்குத் தவளைக்கு லேசா மூச்சு இருக்கு" என்றாள். அன்று நான் அண்ணனுக்கு போன் செய்து பெருமையடித்துக்கொண்டேன்.

இலக்கணத்தைவிட எனக்கு அதிகம் சொல்லிக்கொடுத்தது அவள் அம்மாவின் போன். திபிலிசியிலிருந்து தினமும் வரும். ஸ்பீக்கரில் போட்டுவிட்டு இவள் வெங்காயம் நறுக்குவாள். அந்த அம்மா வாக்கியத்துக்கு ஒருமுறை "கெனாத்ஸ்வாலே" என்பார். பொருள் கேட்டேன்.

"எப்படிச் சொல்றது… உனக்கு வர்ற கெடுதல் எனக்கு வரட்டும், உனக்குப் பதிலா நான் நிக்கிறேன், அந்த மாதிரி."

"அடேயப்பா. இப்ப எதுக்குச் சொன்னாங்க?"

"ஸ்வெட்டர் போட்டுக்கோன்னு."

போனை வைப்பதற்குள் அந்த அம்மா நாலைந்து முறை மகளுக்காக உயிரைக் கொடுத்துவிடுவார்.

இப்படியே போயிருந்தால் எனக்கும் அந்த மொழியில் ஒரு கௌரவமான இடைநிலைத் தேர்ச்சி கிடைத்திருக்கும். ஆனால் அவளுக்குக் கல்யாணம் நிச்சயமாயிற்று. மாப்பிள்ளையும் ஜார்ஜியன்தான், குடும்பத்தோடு பல வருடங்களாக இங்கே இருப்பவர். பெரியப்பா, அத்தைகள், ஒன்றுவிட்ட அண்ணன்மார் என்று ஒரு பஸ் நிறைய ஆட்கள். இவளுக்கோ அம்மா, அப்பா இரண்டே பேர். அந்த இரண்டு பேருக்கும் விசா கிடைக்கவில்லை.

செய்தி வந்த அன்று அவள் அழவில்லை. பாத்திரம் கழுவினாள். அவள் தானாக முன்வந்து பாத்திரம் கழுவுவதைப் பார்த்ததும்தான் விஷயம் எவ்வளவு பெரியது என்று எனக்கு உறைத்தது.

"விருந்துல என் வீட்டு சார்பா எழுந்து பேச ஆளே இல்லை," என்றாள், முகத்தைத் திருப்பாமல்.

இதன் கனம் புரிய வேண்டுமானால் அவர்கள் விருந்து எப்படி நடக்கும் என்று சொல்ல வேண்டும். நினைத்தபோது குடிக்க முடியாது. மேசைக்கு ஒரு தலைவர் உண்டு, 'தமாதா' என்பார்கள். நம் பட்டிமன்ற நடுவர் மாதிரி. அவர் எழுந்து கோப்பையை உயர்த்தி, சமாதானத்துக்கு, முன்னோருக்கு, குழந்தைகளுக்கு என்று ஒவ்வொன்றாக வாழ்த்துரை சொல்வார். அது முடிந்த பிறகுதான் மற்றவர்கள் கோப்பையைத் தொடலாம். நடுவில் திடீரென்று யாரையாவது கைகாட்டுவார். கைகாட்டப்பட்டவர் எழுந்து அதே வாழ்த்தை இன்னும் உயரத்துக்குக் கொண்டுபோக வேண்டும். பெண்ணை வாழ்த்தும் முறை வரும்போது தமாதா பெண் வீட்டுப் பக்கம் கைகாட்டுவார். அந்தப் பக்கம் காலி நாற்காலி இருந்தால், இவ்வளவு பேர் முன்னால் அவள் யாருமற்றவள் ஆகிவிடுவாள். அம்மாவும் அப்பாவும் அதை போனில் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

"நான் பேசறேன்," என்றேன்.

"ஜார்ஜியன்லயா?"

"தவளைக்குத்தான் உடம்பு சரியாயிடுச்சே."

அவள் ஈரக்கையோடு என்னைக் கட்டிக்கொண்டாள். என் ஆர்வங்களில் முதல்முறையாக ஒன்றை அலமாரியில் வைக்க முடியாதபடி ஆனது அந்த நிமிடம்தான்.

பிரச்சினை மொழி என்று நினைத்தேன். இல்லை. உட்கார்ந்து யோசித்தால், அவளைப் பற்றி நல்லதாக ஒரு வாக்கியம் வரவில்லை. அவள் மேல் உயிரையே வைத்திருந்தேன். ஆனால் வந்ததெல்லாம் இப்படி: சாப்பிடாமலேயே சாப்பிட்டேன் என்பாள். காரை பெட்ரோல் காலியாகும்வரை ஓட்டுவாள். என் சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டு அது தன்னுடையது என்று சாதிப்பாள். படித்துக் காட்டினேன்.

"இது வாழ்த்தா, போலீஸ் கம்ப்ளெயிண்ட்டா?"

"எங்க வீட்ல பாசம் இப்படித்தான் வரும்."

"என் மூஞ்சியைப் பாத்து, நீ நல்லவன்னு சொல்லு. சொல்லு பாப்போம்."

சொல்ல முடியவில்லை. காது சூடாகிச் சிரிப்பு வந்தது. நம் ஊரில் ஒருவரை மனதாரப் புகழ்வது என்றால் அவர் அறையை விட்டுப் போன பிறகுதானே? மேசையில் எதிரே உட்கார வைத்து, கண்ணைப் பார்த்து, ஐந்து நிமிடம் புகழ்வதென்றால் அது திட்டமிட்ட வன்முறை.

"சரி, மனுஷங்க வேணாம்," என்றாள். "குக்கர்லேர்ந்து ஆரம்பி."

அப்படியாக, ஒரு வாரம் சமையலறையில் நின்று, ஆரஞ்சு ஜூஸ் டம்ளரை உயர்த்தி, பிரஷர் குக்கருக்கு ஜார்ஜிய மொழியில் வாழ்த்துரை வழங்கினேன். பசித்தவரின் தோழியே, கோபத்தை உள்ளே வைத்திருந்து மூன்றே விசிலில் மறப்பவளே என்றெல்லாம். அவள் கைதட்டினாள். அடுத்த வாரம் டிஷ்வாஷர். அதற்கடுத்து வீட்டு ஓனர். அது மட்டும் கடைசிவரை சரியாக வரவில்லை.

அம்மாவும் அப்பாவும் அப்போது ஃபிரிஸ்கோவில் அண்ணன் வீட்டுக்கு வந்திருந்தார்கள். அம்மாவுக்கு விஷயம் தெரிந்ததும் போன் வந்தது.

"நேருக்கு நேரா புகழப் போறியா? கல்யாணப் பொண்ணையா? ஏன்டி, ஏற்கெனவே ஊர்க் கண்ணெல்லாம் அவ மேலதான் இருக்கும். இதுல நீ வேற மைக் பிடிச்சு சொல்லப் போறியா?"

"மைக் எல்லாம் இல்லம்மா. அது அவங்க வழக்கம்."

"வழக்கம்னா சரி, பேசு. பேசி முடிச்ச கையோட திருஷ்டி கழிச்சிடு. அவ அம்மா பக்கத்துல இல்லை, வேற யாரு பண்ணுவா? அண்ணி உப்பு மிளகாய் pack பண்ணி courier பண்றேங்கறா."

"அம்மா, விருந்து வைன் தோட்டத்துல. அங்க போய் மிளகாய் எரிச்சா fire alarm அடிக்கும்."

கல்யாண விருந்து லிவர்மோரில். பே ஏரியாத் தமிழர்களுக்கு லிவர்மோர் என்றால் கோயில். அங்கே திராட்சைத் தோட்டங்களும் இருக்கின்றன என்பது எனக்கே அன்றுதான் தெரியும். இத்தனை வருடம் அந்தக் கொடிகளைத் தாண்டித்தான் புளியோதரை சாப்பிடப் போயிருக்கிறேன். சாயங்கால விருந்துக்குப் போகும் வழியில் கோயிலில் இறங்கி அவள் பெயருக்கு ஓர் அர்ச்சனை செய்தேன். பெயரை இரண்டு தடவை கேட்டுக்கொண்ட குருக்கள், "நட்சத்திரம், கோத்திரம்?" என்றார்.

"தெரியாது மாமா. ஜார்ஜியா."

"அட்லாண்டாவா?"

"இல்ல மாமா, அது வேற."

"எதுவா இருந்தா என்ன, சிவ கோத்திரம்னு சொல்லிடறேன்," என்று அவளை நம் பக்கம் சேர்த்துக்கொண்டார்.

பட்டுப்புடவை, நெற்றியில் விபூதி, கையில் அர்ச்சனைத் தேங்காய். தோட்டத்தில் நான் போய் இறங்கியபோது மாப்பிள்ளையின் அத்தைகள் எல்லோரும் எழுந்து நின்றுவிட்டார்கள். பெண் வீடு வந்துவிட்டது.

கொடிகளுக்கு நடுவே நீள மேசை. தட்டின்மேல் தட்டாக உணவு. என் எதிரே, ரொட்டிக் கூடையில் சாய்த்துவைத்த போனில் அவள் அம்மாவும் அப்பாவும். அங்கே இன்னும் பொழுது விடியவில்லை. ஆனால் அந்த அம்மா தலை சீவி, முத்து மாலை போட்டு, அப்பா கோட்டு அணிந்து, கையில் கோப்பையோடு உட்கார்ந்திருந்தார்கள். தமாதா மாப்பிள்ளையின் பெரியப்பா; கதவை மறைக்கும் உருவம். அவர் சமாதானத்தைப் புகழ்ந்தார், இறந்தவர்களைப் புகழ்ந்தார், நாங்கள் உட்கார்ந்திருந்த நாற்காலியைத் தவிர எல்லாவற்றையும் புகழ்ந்தார். நான் ஒவ்வொன்றுக்கும் எழுந்து "கவுமார்ஜோஸ்", அதாவது வெற்றி உண்டாகட்டும், என்று சொல்லி, எனக்காகத் தேடி வாங்கிவைத்திருந்த பச்சை நிற சோடாவைக் குடித்தேன். அது நம் ஊர்க் கலர் சோடாவுக்கு மூலிகை வைத்தியம் செய்த மாதிரி இருந்தது.

பிறகு பெண்ணை வாழ்த்தினார். முடித்ததும் பெரிய கையை என் பக்கம் நீட்டினார்.

எழுந்தேன். முதல் வாக்கியம் வழுக்கிக்கொண்டு வந்தது. தொண்டையின் அடியிலிருந்து வரவேண்டியதும் வந்தது. மேசை முழுக்க 'ஓ' என்றது. நான் கர்வத்தோடு இரண்டாவது வாக்கியத்தைத் தொடங்கி, பெண்ணைப் பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது. அவள் என்னைப் பார்க்கவில்லை. போனில் தெரிந்த அம்மாவைப் பார்த்து உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். அந்த அம்மா என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மனப்பாடம் செய்ததெல்லாம் போயிற்று. குக்கர்தான் நினைவுக்கு வந்தது. பெரியப்பா புருவத்தை உயர்த்தினார். ஒருவரும் கோப்பையைத் தொடவில்லை. நான் முடிக்காமல் தொடவும் முடியாது. எனக்கு வாயில் வந்தது பழைய கம்ப்ளெயிண்ட்தான். அதையே சொன்னேன், எனக்குத் தெரிந்த சின்னச் சின்ன ஜார்ஜிய வாக்கியங்களில்.

"இவள் பாத்திரம் கழுவ மாட்டாள்."

மாப்பிள்ளை முகம் லேசாக மாறியது.

"சாப்பிடவில்லை, ஆனால் சாப்பிட்டேன் என்பாள். பொய். எனக்குச் சமைப்பாள். என் சட்டையை எடுத்துக்கொள்வாள். எனக்குக் காய்ச்சல் வந்தது. இவள் வேலைக்குப் போகவில்லை. போனேன் என்றாள். பொய். என் பக்கத்தில் இருந்தாள்."

ஓர் அத்தை சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். அடுத்ததாக, இவள் என் அக்கா, இவளுக்கு எந்தக் கெடுதலும் வரக்கூடாது என்று முடிக்க வேண்டும். கெடுதல் என்ற சொல் வரவில்லை. வரக்கூடாது என்ற வினையும் வரவில்லை. ஜார்ஜிய வினைச்சொற்கள் அவசரத்துக்கு உதவும் ஜாதி இல்லை. வாயில் ஒன்றும் வராததால் கை போய்விட்டது. மேசையைச் சுற்றிக்கொண்டு போய், அவள் முகத்தை இரண்டு கையாலும் வழித்து, என் நெற்றிப்பொட்டில் வைத்து நெட்டி முறித்தேன். பத்து விரலும் படபடவென்று பொரிந்தது.

பெரியப்பாவின் கை அந்தரத்தில் நின்றது. மாப்பிள்ளை, ஏதோ எலும்பு முறிந்துவிட்டது என்று என் கையைப் பார்த்தார்.

ரொட்டிக் கூடையிலிருந்து ஒரு குரல்.

"கெனாத்ஸ்வாலே!" அந்த அம்மா எழுந்தே நின்றுவிட்டார், திரையில் அவருடைய முத்து மாலை மட்டும்தான் தெரிந்தது. "கெனாத்ஸ்வாலே, கெனாத்ஸ்வாலே!" பிறகு திரையில் முகம் வந்தது. தன் இரண்டு கையாலும் போனை வழித்து, தன் நெற்றிப்பொட்டில் வைத்து அழுத்தினார். சத்தம் வரவில்லை. "எப்படி? மறுபடியும் காட்டு!" என்றார் என்னிடம்.

பெரியப்பாவுக்கு விளங்கிவிட்டது. "கவுமார்ஜோஸ்!" என்று அவர் முழங்க, எல்லாக் கோப்பையும் எழுந்தது. பெண் அழுதாள், சிரித்தாள், மூக்கை என் புடவை முந்தானையில் துடைத்தாள். அதுவும் கம்ப்ளெயிண்ட் வரிசையில் சேர வேண்டியது.

பிறகு நடந்ததுதான் நான் எதிர்பார்க்காதது. அத்தைகள் வரிசையில் வந்துவிட்டார்கள். தங்களுக்கும் செய்ய வேண்டுமாம். ஒருத்தி தன் பேரனைத் தூக்கிக்கொண்டு வந்தாள். நெட்டி ஒருமுறை முறித்தால் மறுபடி முறிய நேரம் ஆகும் என்பதை எந்த மொழியிலும் அவர்களுக்கு விளக்க முடியவில்லை. மூன்றாவது அத்தைக்கு ஒரு விரல்தான் பேசியது. நாலாவது அத்தை சத்தம் வராததில் மனம் வருந்தினாள். பெரியப்பா தன் மீசையைத் தடவிக்கொண்டு, கூச்சத்தோடு, கடைசியாக வந்து நின்றார்.

கூட்டம் தணிந்ததும் போனில் இருந்த அப்பா தொண்டையைச் செருமினார். அதுவரை அவர் ஒரு வார்த்தை பேசவில்லை. கோப்பையை உயர்த்தி நீளமாகப் பேசினார். எனக்குப் பாதி புரிந்தது. மீதியைப் பெண் என் காதில் சொன்னாள். அவர் வாழ்த்தியது என் அம்மாவையும் அப்பாவையும். என் மகளுக்குப் பக்கத்தில் நிற்க ஒருத்தியை வளர்த்துக் கொடுத்தவர்கள், அவர்கள் வீட்டில் விளக்கு எரியட்டும் என்றார். எல்லோரும் ஃபிரிஸ்கோவுக்காகக் குடித்தார்கள்.

மறுநாள் அம்மாவிடம் சொன்னேன்.

"எங்களையா? எங்களை எதுக்குடி? நாங்க என்ன பண்ணோம்?" என்றவள் மூச்சு விடாமல் தொடர்ந்தாள். "அவ்வளவு பேர் முன்னாடி சொன்னாரா? நீ என்ன பதில் சொன்ன?"

"நன்றின்னு சொன்னேன்."

"வெறும் நன்றியா? ஒரு மனுஷன் விடியக்காலம் எழுந்து கோட்டு போட்டுண்டு நம்மளை வாழ்த்தியிருக்கார். நாம பதிலுக்கு ஒண்ணும் சொல்லலைன்னா மரியாதையா இருக்குமா? ஞாயித்துக்கிழமை video call போடு. அப்பா பேசுவார்."

பின்னால் அப்பாவின் குரல்: "நான் எப்ப பேசறேன்னு சொன்னேன்?"

அப்பா மின்வாரியத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் யாரையும் புகழ்ந்து நான் கேட்டதில்லை. மிகச் சிறந்த சாப்பாட்டுக்கு அவர் தரும் பாராட்டு, "உப்பு சரியா இருக்கு." நேற்று அவரே கூப்பிட்டார். எப்போதும் அம்மாதான் கூப்பிடுவாள்.

"அந்த விஷயம். எவ்வளவு நேரம் பேசணும்?"

"உங்க இஷ்டம்ப்பா. தமிழ்லயே பேசுங்க, நான் translate பண்றேன்."

"அவங்க பொண்ணைப் பத்தித்தானே சொல்லணும்? அது பரவால்ல. நல்ல பொண்ணு. உனக்குச் சமைச்சுப் போட்டிருக்கா." குரலைத் தாழ்த்தினார். "உன்னைப் பத்தி நான் ஒண்ணும் சொல்ல வேண்டாமே?"

"வேண்டாம்ப்பா. அது முறையும் இல்ல."

"ஆமா, ஆமா. முறையில்ல."

போனை வைக்கவில்லை. அண்ணன் வீட்டு டிவி ஓடுவது கேட்டது. அப்பா அதன் சத்தத்தைக் குறைத்தார்.

"ஒரு வரி மட்டும் சொல்லலாமா?" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை அந்த ஒரு வரியை மொழிபெயர்க்கப்போவது நான். அப்பா என்னைப் பற்றி என்ன சொல்வார் என்று தெரியாது. கேட்டாலும் முன்கூட்டிச் சொல்லமாட்டார். அது எதுவானாலும், என் வாயால், என்னைப் பற்றி, ஜார்ஜிய மொழியில், அவர்கள் முகத்தைப் பார்த்துச் சிரிக்காமல் சொல்லி முடிக்க வேண்டும். எதற்கும் இருக்கட்டும் என்று 'மகள்' என்ற சொல்லோடு சேரும் நல்ல வினைச்சொற்களை இன்று காலையிலிருந்து 101-இல் சத்தமாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.